மோழை

நவம்பர். கடல் பத்து டிகிரி.
வின்ச் முனகி முனகி
கயிற்றைத் தூக்குகிறது.
கயிற்றில் மட்டிகள், அவை விற்பனைக்கு.
மட்டிகளின் மேல் ரோமம் முளைத்ததுபோல
நெளியும் கூட்டம்
யாருக்கும் வேண்டாதது.

ஈர்க்குச்சியை ஆறேழு இடத்தில் ஒடித்து
ஒடித்த இடங்களில் உயிர் வைத்தாற்போல் ஒவ்வொன்றும்.
பின்னங்கால்களால் கயிற்றைக் கவ்விக்கொண்டு
முன்கைகளைக் கூப்பி
வணங்கும், நிமிரும், வணங்கும்.
கும்பிடு போடுகிறவனை நம்பாதே என்கிறான் ஐவார்ஸ்,
லாட்வியாக்காரன்,
தண்ணீர்க் குழாயை அதன்மேல் திருப்பியபடி.

உதிர்ந்தவை கடலுக்குப் போகும்.
போகாதவை கையுறைக்குள், காலருக்குள்,
என் வீட்டுக் குளியலறைத் தரையில்
காய்ந்த நூலாய்.
எலும்புக்கூட்டு இறால் என்பார்கள் படித்தவர்கள்.
நாங்கள் அரிப்பு என்போம்.

செவ்வாய்க்கிழமை எண்ண வந்தாள் தோரா ஃப்ளெட்,
ஆர்க்னித் தீவுக்காரி,
ஒரு பெட்டி கண்ணாடிக் குப்பியும் பூதக்கண்ணாடியுமாக.
கப்ரெல்லா மூட்டிகா என்றாள்.
லத்தீன்.
கப்ரெல்லா, குட்டியாடு.
மூட்டிகா, கொம்பு முளைக்காதது, முனையற்றது.
மோழை.
சொல்லிவிட்டு அவளே சிரித்தாள்.

குனிந்து பார்த்தேன்.
ஆட்டுக்கு வாலை அளந்து வைத்தவன்
இதற்கு அளக்கவே மறந்துவிட்டான்.
இடுப்போடு முடிந்துபோன உடம்பு.
முதுகு நெடுக முள்.
இதுவா மோழை?

தலைக்குக் கீழே முதல் இரண்டு கணுவைப் பாருங்கள்
என்றாள் தோரா.
அங்கே முள் இல்லை. ரோமம். மெத்தென்று.
பெயர் வைத்தவர் அதோடு
நிறுத்திக்கொண்டிருப்பார் போல.

எங்கள் கரையில் மெக்ஃபீக்கள் ஏழு பேர்.
ஒருத்தி தபால் மெக்ஃபீ, ஒருவன் செம்பட்டை,
செத்துப்போனவன் ஒருவன் இன்னும் நொண்டி மெக்ஃபீ.
நான் சாது இஷ்பெல்.
பண்ணையை நார்வேக்காரர்களுக்கு விற்ற கூட்டத்தில்
நான் ஒருத்திதான் வாய் திறக்கவில்லையாம்.
எனக்குத் தொண்டை கட்டியிருந்தது.
நிஜமாகவே தொண்டை கட்டியிருந்தது,
வெந்நீரில் தேன் கலந்து
பிளாஸ்கில் கொண்டுபோயிருந்தேன்.
பதினாலு வருஷம்.
அதற்குப்பின் நான் யாரிடம் எவ்வளவு கத்தினாலும்
சாதுவுக்கே கோபம் வந்துவிட்டது பார் என்கிறார்கள்.

தோரா இன்னொன்றை எடுத்து வைத்தாள்.
பெண். வயிற்றில் பை.
மேலெல்லாம் குஞ்சுகள்,
தாய் வளைந்தால் வளைந்தன,
கண்ணுக்குத் தெரியாத கைகளைக் கூப்பிக்கொண்டு.
கொஞ்ச நேரம் யாரும் எண்ணவில்லை.

படிவத்தில் இன்னொரு கட்டம் இருந்தது.
அயலினம் என்று எழுதினாள்.
ஜப்பான் பக்கத்துக் கடல், கப்பல் அடி,
எப்படியோ, என்றாள்.
தோளுக்கு மேலே எட்டிப் பார்த்த ஐவார்ஸ்
குழாயை மூடினான்.
பிறகு திறந்தான்.
நாலு மணிக்கு லாரி.

இரவு தலை துவட்டும்போது
துண்டிலிருந்து ஒன்று விழுந்தது.
உயிரோடு.
வாளியில் ஊறிய பூட்ஸிலிருந்து கடல்நீர் மொண்டு
தேநீர்க் கோப்பையில் விட்டேன்.
மோழை, என்று கூப்பிட்டேன்.
வணங்கியது.
இஷ்பெல், என்றேன்.
அதற்கும் வணங்கியது.
விரலை நீட்டினேன்,
முள் இருக்கும் பக்கமாகவே.

காலையில் கோப்பையில் இரண்டு இருந்தன.
ஒன்று வெறும் தோல்,
எலும்புக்கூட்டுக்கு ஒரு எலும்புக்கூடு,
கூப்பிய கை கலையாமல்.
மற்றது அதன்மேலேயே ஏறி நின்று
புது உடம்பு இறுகக் காத்திருந்தது.

படகுத்துறையில் கோப்பையைக் கவிழ்த்தேன்.
எட்டு மணிக்குக் குழாய் என் முறை.
மாலைவரை
அதன் சொந்தபந்தங்களை
அடித்துக் கழுவினேன்.